நிலாவின் அளவு

சென்ற ஆண்டு நம் இதழின் அட்டைக்கு ஒரு படம் வேண்டியிருந்தது. வழக்கமாகக் கோட்டோவியம் தருபவர் ஊரில் இல்லை. ஆசிரியர் கேட்டுக்கொண்டதன்பேரில் ஒரு ஸ்டூடியோக்காரர் புகைப்படம் ஒன்றைக் கொண்டுவந்தார். நம் கூட்டங்களுக்கு எப்போதாவது வந்து, கடைசி வரிசையில் உட்கார்ந்து, ஒன்றும் பேசாமல் எழுந்து போகிறவர். கல்யாணங்களுக்கும் காதுகுத்துகளுக்கும் படமெடுத்து ஜீவிக்கிறவர். படத்தில் மீனாட்சியம்மன் கோயிலின் தெற்குக் கோபுரம். அதற்குப் பின்னால், கோபுரத்தைப்போல் இரண்டு மடங்கு உயரத்துக்கு, மேடும் பள்ளமும் துல்லியமாகத் தெரிய, முழு நிலா. அறையில் எட்டுப் பேர் இருந்தோம். மற்றவர்கள் கைமாற்றிப் பார்த்துவிட்டு நன்றாக இருக்கிறது என்றார்கள். நான் பொய் என்றேன்.

சொன்னதோடு நிறுத்தியிருக்கலாம். நிரூபிக்கத் தொடங்கினேன்.

வானத்தில் நிலாவின் அகலம் அரை பாகை. கையை நீட்டிச் சுண்டுவிரலை உயர்த்தினால் அதற்குள் இரண்டு நிலா மறைந்துவிடும். ஒரு பொருள் நிலா அளவுக்குத் தெரிய வேண்டுமானால், தன் உயரத்தைப்போல் ஏறத்தாழ 110 மடங்கு தூரத்தில் அது இருக்க வேண்டும். தெற்குக் கோபுரம் 170 அடி, அதாவது 52 மீட்டர். ஆகவே கோபுரமும் நிலாவும் ஒரே உயரமாகத் தெரிய ஐந்தே முக்கால் கிலோமீட்டர் தள்ளி நிற்க வேண்டும். நிலா கோபுரத்தைப்போல் இரண்டு மடங்காகத் தெரிய வேண்டுமென்றால் பதினோரு கிலோமீட்டருக்கு மேல் போக வேண்டும். படத்திலோ சுதைப் பொம்மைகளின் மூக்குத்துவாரம் தெரிகிற மாதிரி அண்ணாந்த கோணம். எடுத்தவர் தெற்குச் சித்திரை வீதியில் நின்றிருக்கிறார்.

இது போதாதென்று நிலாவையும் எடுத்துக்கொண்டேன். நிலாவின் தென்பாதியில் டைக்கோ என்று ஒரு பள்ளம். அதிலிருந்து வெள்ளைக் கீற்றுகள் நாலாபக்கமும் ஓடும். மதுரை பத்துப் பாகை வட அட்சரேகையில் இருக்கிறது. இங்கே கிழக்கில் நிலா எழும்போது அதன் வடக்கு நமக்கு இடப்பக்கம், டைக்கோ வலப்பக்கம். நமக்கு நிலா ஒருக்களித்துப் படுத்தபடிதான் எழுகிறது. இந்தப் படத்திலோ டைக்கோ நேர் கீழே இருந்தது. வான நூல்களில் வடக்கை மேலே வைத்து அச்சிடுவார்களே, அந்த நிலா. எங்கிருந்தோ எடுத்து ஒட்டியது. (பிறையும் அப்படித்தான். குளிர் தேசங்களில் நிமிர்ந்து நிற்கிற பிறை இங்கே தோணிபோல் மல்லாந்து கிடக்கும். சிவன் சடையில் பிறையை வைத்த ஸ்தபதி வானத்தைப் பார்த்துத்தான் வைத்திருக்கிறான்.)

பத்து நிமிஷம் பேசியிருப்பேன். கவிதைத் தொகுதி ஒன்றைக் கிழிக்கும்போது வரும் அதே உற்சாகம் வந்துவிட்டது என்பதைப் பிற்பாடுதான் உணர்ந்தேன். அவர் படத்தைத் திரும்ப உறையில் போட்டுக்கொண்டார்.

‘‘சார் சொல்றது சரிதான். ரெண்டு படத்தைச் சேத்ததுதான். ஆனா நம்ம கண்ணுக்கு அப்படித்தான சார் தெரியுது?’’ என்றார்.

இதை யாரும் காதில் வாங்கவில்லை, நானும்தான். ஏனென்றால் அதற்குள் நம் கவிஞர் என்மேல் பாய்ந்துவிட்டார். ‘‘ஏன்யா, ஒருத்தன் கவிதையில நிலாவைத் தூக்கித் தண்டவாளத்துல வச்சா படிமம்னு நாலு பக்கம் எழுதுறீரு. இவரு கோபுரத்துக்குப் பின்னால வச்சா மட்டும் பொய்யா?’’

என்னிடம் பதில் தயாராக இருந்தது. கவிதை இது நடந்தது என்று சொல்வதில்லை. புகைப்படம் வேறொன்றும் சொல்வதில்லை, இது நடந்தது என்பதை மட்டும்தான் சொல்கிறது. அந்த ஒரு வாக்குமூலத்தை எடுத்துவிட்டால் அது மட்டமான ஓவியம். இப்படிச் சொன்னேன். அட்டை எழுத்து மட்டுமாக வெளிவந்தது. ஸ்டூடியோக்காரர் அப்புறம் வரவில்லை.

என் பதில் எனக்கு இரண்டு வாரம் தாக்குப்பிடித்தது. ஒரு மாலை தெப்பக்குளத்தின் மேல்கரையில் வந்துகொண்டிருந்தேன். மைய மண்டபத்துக்குப் பின்னால் பௌர்ணமி நிலா எழுந்துகொண்டிருந்தது. மிகப் பெரியது. குளத்தையே அடைத்துக்கொண்டு நிற்பதுபோல் இருந்தது. கைபேசியை எடுத்துப் படம் பிடித்தேன். திரையில் பார்த்தால், இருட்டில் ஒரு குண்டுமணி. எல்லோருக்கும் நேர்ந்திருக்கிற ஏமாற்றம்தான் இது. கைபேசியின் காமிரா எழுபது பாகை அகலத்துக்கு உலகத்தைப் பார்க்கிறது. அதில் அரை பாகை நிலா நூறில் ஒரு பங்குகூட இல்லை. அளவுகோல் சரி. ஆனால் கரையில் நின்ற எனக்கு நிகழ்ந்தது குண்டுமணி அல்லவே.

அடிவானத்து நிலா பெரிதாகத் தெரிவது மாயை. உச்சிக்கு வந்த நிலாவுக்கும் அதற்கும் அகலத்தில் வித்தியாசம் கிடையாது. நியாயமாகப் பார்த்தால் அடிவானத்தில் அது பூமியின் ஆரம் அளவு நமக்குத் தூரமாக இருப்பதால் ஒரு நூலிழை சிறியது. அரிஸ்டாட்டில் காலத்திலிருந்து இதைப் பற்றிப் பேசுகிறார்கள். மரங்களும் வீடுகளும் இடையில் வரிசையாகக் கிடப்பதால் மனம் அதைத் தொலைவு என்று கணக்குப் போட்டு, தொலைவில் இருப்பது இவ்வளவு அகலமா என்று பெரிதாக்கிக்கொள்கிறது என்று ஒரு விளக்கம். அதுவும் எல்லோருக்கும் சம்மதமில்லை. விளக்கம் எதுவானாலும் மாயை எல்லோருக்கும் பொது. அப்படியானால் ஸ்டூடியோக்காரர் செய்தது என்ன? காமிரா தொலைத்ததைத் திரும்பக் கொடுத்திருக்கிறார். நம் கண்ணுக்கு அப்படித்தானே தெரிகிறது என்று அவர் சொன்னது மழுப்பல் அல்ல. அது ஒரு அழகியல் நிலைப்பாடு. நான் பதினைந்து வருஷமாகக் கவிதை பற்றிச் சொல்லிவருவதும் ஏறக்குறைய அதுதான். அனுபவத்துக்கு உண்மையாக இரு, அகராதிக்கு அல்ல என்று எத்தனை பேருக்கு உபதேசம் செய்திருக்கிறேன்!

இதில் ஒரு கோமாளித்தனமும் உண்டு. ஒரு நிறுவனத்தின் கைபேசி, மங்கலாக்கிய நிலாப் படம் ஒன்றைத் திரையில் காட்டிப் படமெடுத்தால், அதில் இல்லாத பள்ளங்களைத் தானே வரைந்து கொடுக்கிறது என்று 2023-ல் ஒரு சர்ச்சை எழுந்தது. நிலா எப்படி இருக்கும் என்று கருவிக்கு முன்பே தெரியும். நாம் எதைக் காட்டினாலும் அது தன் நிலாவைத்தான் காட்டும். இப்படிப்பட்ட விமர்சகர்கள் நம்மிடையேயும் இருக்கிறார்கள்.

ஆனாலும் நான் முழுக்க சரணடையத் தயாராக இல்லை. ஒட்டுவேலையை ஒப்புக்கொண்டுவிட்டால் எதைத்தான் மறுப்பது? விஞ்ஞானத்தின் பெயரால் வருகிற படங்கள் எப்படிச் செய்யப்படுகின்றன என்று பார்க்கத் தொடங்கினேன். ஹப்பிள் தொலைநோக்கி 1995 ஏப்ரலில் எடுத்த, சிருஷ்டியின் தூண்கள் என்று பெயர்பெற்ற படத்தைப் பார்க்காதவர்கள் இருக்க முடியாது. 6,500 ஒளியாண்டு தூரத்தில் வாயுவும் தூசும் மூன்று தூண்களாக நிற்கின்றன. அந்த நிறங்கள் அங்கே இல்லை. மூன்று தனிமங்களின் ஒளியைத் தனித்தனிக் கண்ணாடி வழியாகக் கறுப்பு வெள்ளையில் எடுத்து, கந்தகத்துக்குச் சிவப்பு, ஹைட்ரஜனுக்குப் பச்சை, ஆக்ஸிஜனுக்கு நீலம் என்று வைத்துக்கொண்டார்கள். நம் கண்ணே அங்கு போய்ப் பார்த்தால் கந்தகம், ஹைட்ரஜன் இரண்டும் சிவப்பாகத்தான் இருக்கும், அதுவும் கண்ணுக்குத் தட்டுப்படுகிற அளவு பிரகாசம் இருந்தால். எது எங்கே இருக்கிறது என்று பிரித்துக் காட்டுவதற்காகச் செய்த ஏற்பாடு இது, நேர்மையானது. மறைக்காமல் சொல்லியும் விடுகிறார்கள். ஆனால் மேல் எது, கீழ் எது, வெளிச்சம் எந்தப் பக்கம் என்பதையெல்லாம் தீர்மானித்தது யாருடைய ரசனை? எலிசபெத் கெஸ்லர் என்பவர் 2012-ல் வெளிவந்த புத்தகமொன்றில், ஹப்பிள் படங்களின் சாயல் பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்க மேற்கின் மலைகளையும் பள்ளத்தாக்குகளையும் வரைந்த ஓவியர்களிடமிருந்து வருகிறது என்கிறார். எனக்கு இது சரியாகப் படுகிறது. வைகைக் கரையில் வளர்ந்த ஒருவன் அந்தத் தூசு மேகத்தைத் திருப்பிவைத்திருந்தால் அதைத் தூண் என்று சொல்லியிருக்க மாட்டான். வறண்ட ஆற்றில் ஊற்றுத் தோண்டிய குழி என்று சொல்லியிருக்கலாம்.

திருப்பிவைப்பது என்றதும் நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். 1972 டிசம்பர் 7 அன்று அப்போலோ 17-ல் நிலாவுக்குப் போய்க்கொண்டிருந்த மூவரில் ஒருவர், ஏறத்தாழ 29,000 கிலோமீட்டர் தூரத்திலிருந்து ஹாஸல்பிளாட் காமிராவால் பூமியை எடுத்தார். நீலக் கோலிக்குண்டு என்ற அர்த்தத்தில் பெயர் வைத்துப் பிரபலமான படம். உலகத்தில் மிக அதிகமாக அச்சிடப்பட்ட புகைப்படங்களில் ஒன்று. எடுத்தவர் செர்னானா, எவன்ஸா, ஷ்மிட்டா என்பது விவாதமாகவே இருந்து, நாசா மூவருக்கும் பொதுவாக எழுதிவைத்தது. (கூட்டாகக் கவிதை எழுதலாம் என்று சொல்கிற நண்பர்கள் இதைக் கவனிக்கலாம்.) ஃபிலிமில் தென்துருவம் மேலே இருக்கிறது. அச்சிட்டவர்கள் தலைகீழாக்கி வடக்கை மேலே வைத்தார்கள். நாம் பார்ப்பது திருப்பிய படம். ஆப்பிரிக்கா, அரேபியா, கீழே அண்டார்க்டிகாவின் வெள்ளை. வலப்பக்கம் மேலே, இந்துமாக்கடல் விளிம்போடு வளையும் இடத்தில் ஒரு வெள்ளைச் சுழி. பல வருஷம் இந்தப் படம் பத்திரிகைத்தாளில் என் மேஜைக்கு எதிரே ஒட்டியிருந்தது. அந்தச் சுழியை நான் பார்த்ததே இல்லை.

அது நம்முடைய புயல். 1972 டிசம்பர் 6 விடியலில் கடலூருக்குப் பக்கத்தில் கரையைக் கடந்த புயல். 80 பேர் இறந்ததாகக் கணக்கு. படமெடுத்த நேரம் நம் கணக்கில் 7-ஆம் தேதி மாலை நாலு மணி தாண்டிப் பத்து நிமிஷம். அதாவது புயல் கரையேறி ஒன்றரை நாள். மனித குலத்தின் தனிமை, பூமியின் அழகு, எல்லைகளற்ற ஒரே உலகம் என்று இந்தப் படத்தை முன்வைத்து எழுதப்பட்டவற்றில் பாதியாவது நான் படித்திருப்பேன். ஒன்றில்கூட கடலூர் இல்லை.

எனக்கு இதில் சம்பந்தம் உண்டு. அம்மா கடலூர் முதுநகரில் பிறந்தவள். அப்போது அவளுக்கு ஒன்பது வயது. புயலைப் பற்றி அவள் நாலைந்து வாக்கியங்களுக்கு மேல் எப்போதும் சொன்னதில்லை. மதுரைக்கு வாக்கப்பட்டு வந்தபிறகு கடலைப் பற்றியே அதிகம் பேசியதில்லை. படத்தைப் பெரிதாக அச்செடுத்து, ஞாயிற்றுக்கிழமை அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது எதிரில் வைத்தேன். சுழியைக் காட்டினேன்.

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தாள். ‘‘இதுல எங்க வீடு எங்கடா இருக்கும்?’’ என்றாள்.

தெரியாதும்மா, இந்தியாவே விளிம்புக்கு அந்தப் பக்கம் போகிற இடம், மேகம் மட்டும்தான் தெரிகிறது என்றேன்.

‘‘எத்தனை மணிக்கு எடுத்தாங்களாம்?’’

சொன்னேன். விரலை விட்டு எண்ணினாள். முதல் நாள் ராத்திரி ஓடு போனது, அத்தை கதவில் முதுகைக் கொடுத்து விடியும்வரை நின்றது, விடிகிற நேரத்தில் காற்று சட்டென்று நின்று, ஓய்ந்தது என்று எல்லோரும் வெளியே வந்தபோது எதிர்த் திசையிலிருந்து திரும்ப அடித்தது. இது எனக்குத் தெரிந்ததுதான். தெரியாதது அதற்கு அடுத்தது. ‘‘மறுநாள் சாயங்காலம்னா நாங்க நெல்லைக் காயப்போட்டுக்கிட்டு இருந்தோம். குதிருக்குள்ள தண்ணி போயிருச்சு. வெயில் இருந்துச்சா இல்லையான்னு ஞாபகமில்ல. ஆனா கோயில் மண்டபத்துல பரத்திவிட்டு நான் காக்கா ஓட்டிக்கிட்டு இருந்தேன். காக்கா ஒண்ணுகூட இல்ல. எல்லாம் செத்துப்போச்சு. சும்மா உக்காந்துக்கிட்டு இருந்தேன்.’’

பிறகு படத்தைத் தள்ளிவைத்துவிட்டுக் கீரையை எடுத்துக்கொண்டாள். ‘‘அழகாத்தான் இருக்கு’’ என்றாள்.

இதைப் படத்தின்மேல் சுமத்தும் உணர்ச்சி என்று நண்பர்கள் சொல்லக்கூடும். பிரதியில் இல்லாததை வாழ்க்கை வரலாற்றிலிருந்து இறக்குமதி செய்வது தவறு என்று நானே எழுதியிருக்கிறேன். ஆனால் சுழி பிரதியில் இருக்கிறது. வெள்ளையாக, எல்லோரும் பார்க்கும்படி. அதைப் பார்க்காமல் பூமியின் அழகைப் பார்க்கிற பார்வைதான் இறக்குமதி.

கொடைக்கானலுக்கு நாம் எல்லோரும் போயிருக்கிறோம். அங்கே சூரிய ஆய்வுக்கூடத்தை எட்டிப்பார்த்தவர்கள் குறைவு. 2,343 மீட்டர் உயரத்தில், ஏரியிலிருந்து சற்றுத் தள்ளி. பார்வையாளர் கூடத்தில் சூரியனின் உருவத்தைத் திரையில் விழச்செய்து காட்டுகிறார்கள். 1904-லிருந்து அங்கே மேகமில்லாத நாளெல்லாம் சூரியனைப் புகைப்படம் எடுத்து வந்திருக்கிறார்கள். சதுரக் கண்ணாடித் தகடுகளில் 20 சென்டிமீட்டர் அகலச் சூரியன். வெள்ளையொளியில் ஒன்று, கால்சியத்தின் ஊதாக் கோட்டில் இன்னொன்று, பிறகு ஹைட்ரஜனின் சிவப்புக் கோட்டில். எல்லாவற்றையும் இப்போது எண்மமாக்கிவிட்டார்கள், ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட படங்கள். கூடம் ஏன் அங்கே வந்தது என்பதுதான் கதை.

1876-ல் தொடங்கிய தாது வருஷப் பஞ்சத்தில் சென்னை மாகாணம் லட்சக்கணக்கில் செத்தது. மதுரை ஜில்லாவும் தப்பவில்லை. 1877-ல், பஞ்சம் நடந்துகொண்டிருந்தபோதே, நார்மன் லாக்யர் என்ற வானியலாளரும் டபிள்யூ. டபிள்யூ. ஹண்டர் என்ற அதிகாரியும் சேர்ந்து லண்டன் பத்திரிகையொன்றில் எழுதினார்கள். சூரியனில் தோன்றும் கரும்புள்ளிகள் பதினோரு ஆண்டுக்கு ஒருமுறை கூடிக் குறைகின்றன. சென்னையின் மழைக்கணக்கும் அதை ஒட்டிக் கூடிக் குறைகிறது. புள்ளி குறைந்தால் பஞ்சம். பஞ்சக் கமிஷன் சூரியனைத் தொடர்ந்து கவனிக்கச் சொன்னது. மலைகளை அளந்து இடம் தேடி, 1895-ல் கொடைக்கானலில் அடிக்கல் நாட்டினார்கள். பட்டினிக்குக் காரணம் சூரியனில் இருக்கிறது என்று ஏற்பட்டுவிட்டால், பஞ்ச காலத்தில் கப்பலேறிக்கொண்டிருந்த தானியத்தைப் பற்றிப் பேச வேண்டியதில்லை. இவ்வளவு நேர்த்தியான இடம்மாற்றத்தை நான் எந்த உருவகத்திலும் கண்டதில்லை.

அதே பஞ்சத்தில் எடுத்த வேறு படங்களும் உண்டு. சென்னை ராணுவத்தைச் சேர்ந்த ஹூப்பர் என்ற அதிகாரி எடுத்தவை. எலும்பும் தோலுமான ஆண்கள், பெண்கள், குழந்தைகள். குடும்பப் படத்துக்கு நிற்கவைப்பதுபோல் வரிசையாக உட்காரவைத்து, கலையாமல், காமிராவைப் பார்க்கச் சொல்லி. பிற்பாடு பர்மாவில் மரண தண்டனையைப் படமெடுத்த விவகாரத்தில் விசாரணைக்கு உள்ளானவர் இவர். அந்த முகங்களை என்னால் இரண்டாம் முறை பார்க்க முடியவில்லை. பொய் இல்லாத படங்கள்தான். இது நடந்தது என்ற வாக்குமூலம் முழுசாக இருக்கிறது. ஸ்டூடியோக்காரரிடம் நான் கேட்ட தகுதி எல்லாம் ஹூப்பரிடம் இருக்கிறது.

ஆனால் சூரியத் தகடுகளை என்னால் வெறுக்கவும் முடியவில்லை. லாக்யர் சொன்ன எளிய சூத்திரம் நிலைக்கவில்லை. புள்ளியை எண்ணி மழை சொல்ல முடியவில்லை. காரணம் பொய்த்த பிறகும் படம் தொடர்ந்தது. வெள்ளைக்காரன் போனபிறகும் தொடர்ந்தது. 1909 ஜனவரியில் ஜான் எவர்ஷெட் அங்கேதான், புள்ளியின் விளிம்பில் வாயு மையத்திலிருந்து வெளிநோக்கி ஓடுகிறது என்பதைக் கண்டார். இன்றும் அது அவர் பெயரால் வழங்குகிறது. மற்ற நாட்களில் ஒன்றும் நடக்கவில்லை. காலையில் கூரையைத் திறந்து, ஒரு படம் எடுத்து, தேதி எழுதி, பெட்டியில் அடுக்கி... தினசரிப் பேரேடு எழுதிச் சம்பளம் வாங்குகிற எனக்கு இந்த வேலையின் ருசி தெரியும். யாரும் பெயர் போடாத எழுத்து. நூறு வருஷம் கழித்து ஒருவன் அடுக்கிப் பார்க்கும்போது சூரியன் மூச்சுவிடுவது தெரிகிறது. தகட்டில் கீறல் உண்டு, தூசு உண்டு. சூரியனின் புள்ளி எது, கண்ணாடியின் தூசு எது என்று ஒவ்வொன்றாகப் பிரிக்க வேண்டும். விமர்சனம் என்று நாம் செய்வதாகச் சொல்லிக்கொள்வது இதைத்தானே.

இப்படிப் பிரித்த ஒருவர் மதுரைக்காரர் என்பதில் எனக்குக் கொஞ்சம் ஊர்ப்பெருமை இருக்கிறது, மறைப்பானேன். 2019 செப்டம்பர் 7 அதிகாலையில் சந்திரயான் 2-ன் விக்ரம் இறங்குகலம், தரைக்கு 2.1 கிலோமீட்டர் உயரத்தில் இருந்தபோது தொடர்பை இழந்தது. செப்டம்பர் 17-ல் நாசாவின் நிலாச் சுற்றுக்கலம் அந்த இடத்தை எடுத்து, 26-ல் படத்தை வெளியிட்டது. சென்னையில் வேலைபார்த்த சண்முக சுப்பிரமணியன் என்ற பொறியாளர் அதை இறக்கிவைத்துக்கொண்டு, அதே இடத்தின் பழைய படத்தோடு கட்டம் கட்டமாக ஒப்பிட்டார். சூரியன் ஏறக்குறைய அடிவானத்தில் கிடக்க, நிழல்கள் நீண்டு விழுந்த படம். ஒரு கட்டம் 1.3 மீட்டர். முன்பு இல்லாத ஒரே ஒரு வெள்ளைக் கட்டம் புதிதாக இருந்தது. நாசாவுக்கு எழுதினார். அவர்கள் அக்டோபரிலும் நவம்பரிலும் எடுத்த படங்களோடு சரிபார்த்து, டிசம்பரில் அவர் பெயரைச் சொல்லி ஒப்புக்கொண்டார்கள். கலம் மோதிய இடத்திலிருந்து வடமேற்கே 750 மீட்டரில் விழுந்த சிதறல் அது. எங்கள் சுற்றுக்கலம் முன்பே இடத்தைக் கண்டுவிட்டது என்று இஸ்ரோவின் தலைவர் சொன்னார். இருக்கலாம். ஆனால் எல்லோருக்கும் முன்னால் விரித்துப்போட்ட படத்தில், எல்லோரும் பார்த்த படத்தில், ஒரு புள்ளி புதிது என்று சொன்னவர் இவர்தான். அழகு என்று சொல்ல அந்தப் படத்தில் ஒன்றுமே இல்லை. சாம்பல் நிறம், குழி, நிழல்.

இவ்வளவும் யோசித்தபிறகு ஸ்டூடியோவுக்குப் போனேன். மன்னிப்புக் கேட்கத்தான் போனேன், ஆனால் வாயில் வந்தது வேறு. ‘‘பசுமலைலேருந்து எடுத்தா நிலாவும் கோபுரமும் கிட்டத்தட்ட ஒரே உயரம் வரும். மார்கழிப் பௌர்ணமிக்கு நிலா வடகிழக்குல எழும். அங்கேருந்து கோயிலும் வடகிழக்கு. போவோமா?’’ என்றேன். அவர் ஒரு ஆல்பத்துக்குப் பசை தடவிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. ‘‘முன்னூறு எம்எம் இருக்கு. அதுல நிலா எவ்வளவு வரும் சார்?’’ என்று கேட்டார். லென்ஸின் நீளத்தை 110-ஆல் வகுத்தால் போதும், 2.7 மில்லிமீட்டர் என்றேன். ‘‘போதும்’’ என்றார்.

போனோம். அவர் முக்காலியை நட்டுவைத்து, அதன் நடுக்கம்பியில் ஒரு செங்கல்லைக் கட்டித் தொங்கவிட்டார், காற்றுக்கு ஆடாமல் இருக்க. கல்யாண வீடுகளில் கற்றது என்றார். சூரியன் பின்னால் மறைந்தது. நகரம் ஒரு பழுப்புப் புகைக்குள் கிடந்தது. கோபுரங்கள் நாலும் சாம்பல் கூம்புகளாக, எது தெற்கு என்று கண்டுபிடிக்கவே நேரம் பிடித்தது. நிலா எழவேண்டிய நேரத்தில் எழவில்லை. அதாவது எழுந்திருக்கும், புகை காட்டவில்லை. தன் அகலத்தை நிலா இரண்டே நிமிஷத்தில் கடந்துவிடும். நாங்கள் வெறும் புகையைப் பார்த்துக்கொண்டு இருபது நிமிஷம் நின்றோம். கடைசியில் அழுக்குச் சிவப்பாக, கோபுரத்துக்கு வெகு மேலே, வலப்பக்கம் விலகி வெளிப்பட்டது. ஒருக்களித்துப் படுத்திருந்தது, அதில் மட்டும் என் கணக்கு தப்பவில்லை. அவர் எடுத்துக்கொண்டே இருந்தார். நான் பெரிசாத் தெரியுதுல்ல என்றேன். அவர் கண்ணைக் காமிராவிலிருந்து எடுத்துவிட்டு வெறுங்கண்ணால் பார்த்தார். ‘‘ஆமா சார். இதுல வராது’’ என்றார்.

இறங்கி வரும்போது, அன்று கூட்டத்தில் நான் பேசியது அதிகம் என்று சொன்னேன். ‘‘அதெல்லாம் ஒண்ணுமில்ல சார்’’ என்றார். அதை எந்த அர்த்தத்தில் சொன்னார் என்று எனக்குப் பிடிபடவில்லை. கூட்டத்துக்கு இன்னும் வரவில்லை.

படத்தில் முக்கால் பாகம் மொட்டைமாடிகள். தண்ணீர்த் தொட்டிகள், கம்பிகள், காயும் துணிகள், ஒரு கைபேசிக் கோபுரம். நடுவே மங்கலாகக் கோயில். மேலே சிறியதாக நிலா. அதைப் பெரிதாக அச்செடுத்து, பழைய ஒட்டுப்படத்துக்குப் பக்கத்திலேயே கடையில் மாட்டியிருக்கிறார். போனமாதம் போனபோது சொன்னார். ஒட்டுப்படத்தில் இருபதுக்கு மேல் விற்றுவிட்டது, வீடு பால்காய்ச்சுகிறவர்கள் பரிசு கொடுக்க வாங்குகிறார்கள். எங்கள் படத்தை ஒரே ஒருவர் வாங்கினார். பழங்காநத்தத்துக்காரர், வயசானவர், பாஸ்போர்ட் அளவுப் படம் எடுக்க வந்தவர். கடையில் உட்கார்ந்திருந்தவர் எழுந்து போய், சட்டத்துக்கு ரொம்பக் கிட்டே முகத்தை வைத்து, கீழ் ஓரத்தில் ஒரு கறுப்புத் தொட்டியைத் தொட்டு, இது எங்க மாடி என்றாராம். நிலாவைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லையாம்.